பெர்பீஸ்: ஆற்றோடு கீழே இறங்கி வந்த காலனி

இந்தியா உலகக் கோப்பையை ஜெயித்தது 1983 ஜூன் 25 என்று பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். அதற்கு மூன்று மாதம் முன்னால் நடந்த ஓர் ஆட்டம் கிரிக்கெட் பைத்தியங்களுக்கு மட்டும்தான் ஞாபகம் இருக்கும். மார்ச் 29ஆம் தேதி. கவாஸ்கர் 90, கபில்தேவ் 72, மொத்தம் 5 விக்கெட்டுக்கு 282 ரன். யாராலும் அசைக்க முடியாது என்றிருந்த வெஸ்ட் இண்டீஸ் அணி 27 ரன்னில் தோற்றது. ஒருநாள் ஆட்டத்தில் அவர்களை இந்தியா வென்றது அதுதான் முதல் தடவை. ஆடிய இடம் ஆல்பியன், பெர்பீஸ், கயானா.

ஆல்பியன் என்பது ஒரு கரும்புத் தோட்டம். மைதானமும் தோட்டத்துடையதுதான். அந்தத் தோட்டத்தைச் சுற்றியுள்ள ஊர்களில் பெருமாள், நாகமுத்து, வீராசாமி என்று பெயர் வைத்துக்கொண்டவர்கள் இருக்கிறார்கள். மாரியம்மன் கோயில் இருக்கிறது. மாரியம்மனும் கபில்தேவும் தென்னமெரிக்காவின் ஒரு மூலையில் எப்படி வந்து சேர்ந்தார்கள் என்று கேட்டால், பதில் அந்த ஆற்றில் இருக்கிறது. பெர்பீஸ் முதலில் ஆற்றின் பெயர். அப்புறம் டச்சுக்காரர்களின் ஒரு காலனிக்குப் பெயர். அதற்கப்புறம் பிரிட்டிஷ் கயானாவின் மூன்று கவுண்டிகளில், அதாவது மாவட்டம் மாதிரியான பிரிவுகளில், ஒன்றுக்குப் பெயர். மற்ற இரண்டு கவுண்டிகளான டெமராராவும் எசெக்விபோவும்கூட ஆறுகளின் பெயர்களே. ஆற்றை வைத்துத்தான் அந்த நாட்டில் எல்லாவற்றையும் அளந்தார்கள்.

பெர்பீஸ் ஆறு 595 கிலோமீட்டர் நீளம். தெற்கே ரூபுனூனி மேட்டு நிலத்தில் பிறந்து, காட்டுக்குள்ளேயே வளைந்து வளைந்து வடக்கே ஓடி, அட்லாண்டிக்கில் விழுகிறது. மண்ணில் மட்கிய இலைதழைகளின் சாறு இறங்குவதால் தண்ணீர் கொதித்த டிக்காஷன் நிறத்தில் இருக்கும். ஓட்டத்தில் வேகம் கிடையாது. நிலம் அவ்வளவு தட்டை. கடலின் ஏற்றமும் வற்றமும் ஆற்றுக்குள் வெகுதூரம் தெரியும். அலுமினியத் தாதுவான பாக்சைட் எடுக்கும் குவாக்வானி என்ற சுரங்க ஊர் வரைக்கும், அதாவது சுமார் 160 கிலோமீட்டர் உள்ளே, பெரிய படகுகள் போக முடிகிறது. முகத்துவாரத்துக்குக் கொஞ்சம் முன்னால் கிழக்கிலிருந்து கான்ஜி என்ற சிற்றாறு வந்து சேர்கிறது. பெயரைக் கேட்டால் நமக்குக் கஞ்சி ஞாபகம் வரும், ஆனால் சம்பந்தம் ஒன்றுமில்லை.

1837 ஜனவரி 1ஆம் தேதி, ராபர்ட் ஷோம்பர்க் என்ற புவியியல் ஆய்வாளர் இந்த ஆற்றில் மேல்நோக்கிப் படகில் போய்க்கொண்டிருந்தபோது, தாம்பாளத்தைப் போல விளிம்பு தூக்கிய, இரண்டு மீட்டர் அகல இலைகளோடு ஓர் ஆம்பல் மிதப்பதைப் பார்த்தார். அந்த ஆண்டு ராணியான விக்டோரியாவின் பெயரை அதற்கு வைத்தார்கள். அதுதான் இன்று கயானாவின் தேசிய மலர். ஐரோப்பியத் தாவரவியலாளர்கள் அதற்கு முன்பே தென்னமெரிக்காவின் வேறு ஆறுகளில் அந்த ஆம்பலைப் பார்த்திருந்தார்கள். ஆற்றங்கரையில் காலங்காலமாக இருந்த அராவாக் மக்களுக்கோ அது ஒரு கண்டுபிடிப்பே அல்ல.

ஆறு ஒரு பக்கம் என்றால், கடற்கரை இன்னொரு பக்கம். கயானாவின் கடற்கரையில் வெள்ளை மணலும் நீலக் கடலும் தேடினால் ஏமாற்றம்தான். இந்த ஆறுகள் கொண்டுவரும் மண் கொஞ்சம். கரையில் கிடக்கும் சேற்றில் பெரும்பகுதி அமேசான் கொண்டுவந்து கடலில் கொட்டியது. கடல் நீரோட்டம் அந்தச் சேற்றை மேற்கே தள்ளிக்கொண்டு வந்து கரையோரம் திட்டுத்திட்டாகச் சேர்க்கிறது. திட்டுகள் ஓரிடத்தில் நிற்பதும் இல்லை, வருடக்கணக்கில் மெதுவாக மேற்கே நகர்ந்துகொண்டே இருக்கும். திட்டு முன்னால் நிற்கிற கரைக்கு அலையடி குறைவு, நகர்ந்துபோன கரையை அலை அரிக்கும். இப்படிப் படிந்த களிமண் பட்டைதான் கயானாவின் கடலோரச் சமவெளி. ஓதம் ஏறும்போது கடல் மட்டம் நிலத்தைவிட ஒன்றிரண்டு மீட்டர் உயர்ந்து நிற்கும். அதற்குப் பின்னால் சதுப்பு. அதற்கும் பின்னால் வெள்ளை மணல் மேடுகள், காடு.

இந்த அமைப்பை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பெர்பீஸின் சரித்திரம் முழுக்க, காட்டுப் பக்கத்திலிருந்து சேற்றுப் பக்கம் நகர்ந்த கதை.

1627ல் ஃப்ளிஸிங்கன் துறைமுகத்து வணிகர் ஆபிரகாம் வான் பேரே, டச்சு மேற்கிந்தியக் கம்பெனியிடம் அனுமதி வாங்கி இந்த ஆற்றில் குடியேற்றம் ஆரம்பித்தார். முதலில் நடந்தது விவசாயம் அல்ல, பண்டமாற்று. அராவாக் மக்களுக்குக் கோடாரி, கத்தி, துணி. அவர்களிடமிருந்து துணிக்குச் சாயமேற்றும் சிவப்பு அன்னாட்டோ. கோட்டையைக் கடலோரத்தில் கட்டவில்லை. முகத்துவாரத்திலிருந்து கிட்டத்தட்ட 90 கிலோமீட்டர் உள்ளே தள்ளிக் கட்டினார்கள். அதுதான் நசாவ் கோட்டை. கடலோரம் நின்றால் கொள்ளைக் கப்பல் வரும், குடிக்க நல்ல தண்ணீர் கிடைக்காது, கால் வைத்தால் முழங்கால் வரை சேறு. வணிகமும் மேலே காட்டு மக்களோடுதான். ஆகவே ஆற்றின் உட்பகுதியே அன்றைக்குப் புத்திசாலித்தனம்.

அப்படிப் பதுங்கியும் 1712ல் பிரெஞ்சுக் கடற்கொள்ளைத் தளபதி ஜாக் கஸார்டின் ஆட்கள் வந்துவிட்டார்கள். காலனியைக் கொளுத்தாமல் விட 3 லட்சம் கில்டர் கேட்டார்கள். கில்டர் அன்றைய டச்சு நாணயம். கையில் அவ்வளவு பணம் இல்லை. இருந்த சர்க்கரையும் அடிமைகளும் போக மிச்சத்துக்கு மாற்றுச்சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். நம் ஊர் வட்டிக்கடையில் உண்டியல் என்பார்களே, அதேதான். சீட்டு ஹாலந்துக்குப் போனது. வான் பேரே குடும்பம் பணம் தர முடியாது என்று கைவிரித்துவிட்டது. அந்தக் காலனிக்கு அவ்வளவு மதிப்பில்லை என்பது அவர்கள் கணக்கு. கடைசியில் 1714ல், ஆம்ஸ்டர்டாம் வணிகர்கள் சிலர் பிரெஞ்சுக்காரர்களிடம் பேரம் பேசி 1,08,000 கில்டருக்குக் காலனியை வாங்கினார்கள். இன்றைய பாஷையில் சொன்னால், செக் பவுன்ஸ் ஆனதால் ஒரு நாடு கைமாறியது. 1720ல் அவர்கள் பங்குகள் வெளியிட்டு பெர்பீஸ் சங்கம் என்ற கம்பெனியை ஆரம்பித்தார்கள். பங்குதாரர்களுக்கு லாபம் வேண்டும். காப்பி, கொக்கோ, பருத்தி, கரும்பு என்று தோட்டங்கள் ஆற்றின் இரு கரையிலும் கான்ஜியிலும் வரிசையாக முளைத்தன. தோட்ட வேலைக்கு மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து ஆட்களைக் கப்பலில் அடைத்துக் கொண்டுவந்தார்கள்.

1762ஆம் ஆண்டுக் கணக்கு ஒன்று இருக்கிறது. காலனியில் பெண்கள், குழந்தைகளையும் சேர்த்து வெள்ளையர் 346 பேர். ஆப்பிரிக்க அடிமைகள் 3,833 பேர். அடிமைப்பட்ட பூர்வகுடிகள் 244 பேர். ஒரு வெள்ளையருக்குப் பத்துக்கு மேற்பட்ட அடிமைகள். நடுவில் காடு. போதாக்குறைக்குத் தொற்றுநோய் புகுந்து கோட்டைச் சிப்பாய்களில் எழுந்து நிற்கிறவர்களே குறைவு.

1763 பிப்ரவரி 23ஆம் தேதி, கான்ஜி ஆற்றின் மேல்பகுதியில் மாக்தலேனன்பர்க் என்ற தோட்டத்தில் கலகம் வெடித்தது. சில நாட்களில் பெர்பீஸ் ஆற்றுத் தோட்டங்களுக்கும் பரவியது. லிலியன்பர்க் தோட்டத்தைச் சேர்ந்த கஃபி தலைமைக்கு வந்தார். கோஃபி என்பதன் திரிபு அது. மேற்கு ஆப்பிரிக்காவின் அக்கான் மக்கள் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண்பிள்ளைக்கு வைக்கும் பெயர். டச்சு ஆளுநர் வான் ஹோகன்ஹைம் மார்ச் 8ஆம் தேதி நசாவ் கோட்டையைத் தானே கொளுத்திவிட்டுக் கீழே ஓடினார். கொஞ்ச காலத்துக்கு ஆற்றின் பெரும்பகுதி அடிமைகளாக இருந்தவர்கள் கையில் இருந்தது. கஃபி தன்னைப் பெர்பீஸின் ஆளுநர் என்று அழைத்துக்கொண்டார்.

என்னை இந்தக் கதையில் உட்காரவைப்பது சண்டை அல்ல, கடிதங்கள். கஃபி எழுதப்படிக்கத் தெரிந்தவர்களை வைத்து வான் ஹோகன்ஹைமுக்குக் கடிதம் அனுப்பினார், ஓர் ஆளுநர் இன்னோர் ஆளுநருக்கு எழுதுகிற தோரணையில். கலகத்துக்குக் காரணமான தோட்டக்காரர்கள் சிலரைப் பெயர் சொல்லிக் குற்றம் சாட்டினார். அப்புறம் ஒரு யோசனை சொன்னார்: பெர்பீஸில் பாதியை நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள், நாங்கள் ஆற்றின் மேல்பக்கம் போய்விடுகிறோம், ஆனால் எங்கள் ஆட்கள் மறுபடி அடிமையாவார்கள் என்று மட்டும் நினைக்காதீர்கள். இன்றைக்கு வரைபடத்தை வைத்துக்கொண்டு பார்த்தால் அந்த யோசனை வேறு மாதிரித் தெரிகிறது. அன்று மதிப்பு இருந்த நிலம் மேலே. அடுத்த அறுபது வருஷத்தில் பணம் கொழித்ததோ கீழே, கடலோரச் சேற்றில். டச்சுக்காரர்கள் ஒத்துக்கொண்டிருந்தாலும் பிற்காலத்துச் சர்க்கரைப் பணம் அவர்கள் பக்கமே விழுந்திருக்கும். ஆனால் அவர்கள் ஒத்துக்கொள்வதாக இல்லை. ஹாலந்திலிருந்து படை வரும் வரை நேரம் கடத்தத்தான் பதில் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

கஃபியும் பேச்சை நம்பி ரொம்ப நாள் காத்திருந்தார். மே 13ஆம் தேதி டாகராட் என்ற தோட்டத்தில் ஒதுங்கியிருந்த டச்சுக்காரர்களைச் சுமார் 2,000 பேரோடு தாக்கியபோது, ஆற்றில் நின்ற கப்பல்களின் பீரங்கி அவர்களை விரட்டியது. டாகராட் என்றால் டச்சில் விடியல். அதன்பின் கலகக்காரர்களுக்குள் பிளவு. அட்டா என்பவர் எதிர்த் தலைவராக எழுந்தார். தோற்ற கஃபி தன்னையே மாய்த்துக்கொண்டார். ஆண்டுக் கடைசியில் ஹாலந்துப் படை வந்தது. காட்டு வழிகளைப் பூர்வகுடிப் படைகள் அடைத்தன. டச்சுக்காரர்கள் ஜெயித்ததற்கு இது பெரிய காரணம். 1764ல் விசாரணை நடந்து, நூறு பேருக்கு மேல் தூக்கிலும், எலும்பு நொறுக்கும் சக்கரத்திலும், நெருப்பிலும் கொல்லப்பட்டார்கள்.

அந்த விசாரணையில் சுமார் 900 பேர் சொன்னதை எழுத்தர்கள் எழுதிவைத்தார்கள். அவை இன்று ஹேக் நகரத்து ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. கேட்டவர் நீதிபதி, சொன்னவர் உயிருக்குப் பயந்தவர், எழுதியவர் டச்சுக்காரர். ஆகவே எதையும் அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது. ஆனாலும் 18ஆம் நூற்றாண்டில் அடிமையாக இருந்த இத்தனை பேர் குரல் ஒரே இடத்தில் கிடைப்பது அபூர்வம். அதைப் படித்த ஆராய்ச்சியாளர்கள் காட்டுவது என்னவென்றால், எல்லோரும் கஃபி பக்கம் சேரவில்லை. டச்சு எஜமானும் வேண்டாம், புதிதாக முளைத்த கலகத் தலைவனும் வேண்டாம், ஒரு துண்டு நிலத்தில் பயிர்வைத்து நிம்மதியாக இருந்தால் போதும் என்று இரண்டு பக்கத்திலிருந்தும் ஒளிந்து திரிந்தவர்கள் நிறைய. வீரக்கதையில் இவர்களுக்கு இடம் கிடைப்பதில்லை.

கயானா 1970ல் குடியரசாக மாற இதே பிப்ரவரி 23ஐத்தான் தேர்ந்தெடுத்தது. தலைநகர் ஜார்ஜ்டவுனில் நிற்கும் 1763 நினைவுச் சின்னத்தைச் செய்தவர் பிலிப் மூர். அவரும் பெர்பீஸ்காரர்தான், பெர்பீஸின் கிழக்குப் பக்கமான கொரண்டைன் கடற்கரையில் மான்செஸ்டர் என்ற கிராமத்தில் பிறந்தவர்.

கலகத்துக்குப் பிறகு பழைய இடத்தில் காலூன்ற முடியவில்லை. மேல்பகுதி மண் ஏற்கெனவே களைத்திருந்தது. பக்கத்து டெமராராவில் கடலோரக் களிமண்ணில் கரும்பு கொழிப்பதைப் பெர்பீஸ் தோட்டக்காரர்களும் பார்த்தார்கள். கொஞ்சம் கொஞ்சமாகத் தோட்டங்கள் கீழே நகர்ந்தன. தலைநகரும் நகர்ந்தது: நசாவ் கோட்டையைக் காட்டுக்கு விட்டுவிட்டு, 18ஆம் நூற்றாண்டின் கடைசியில், கான்ஜியும் பெர்பீஸும் சேரும் முனையில் நியூ ஆம்ஸ்டர்டாம் எழுந்தது. கடலோரத்தில் நிலத்தைக் கடலிடமிருந்து பிடுங்க வேண்டும். அந்த வித்தை டச்சுக்காரர்களுக்குத் தாய்ப்பால் மாதிரி. உழைப்பு மட்டும் அவர்களுடையது அல்ல.

ஒரு தோட்டம் எப்படி இருக்கும் என்று பார்ப்போம். கடலோரத்தில் குறுகலாகத் தொடங்கி உள்ளே சதுப்பு வரை நீண்டு போகும் ஒரு பட்டை. முன்னால் கடலைத் தடுக்க ஒரு கரை. பின்னால் சதுப்புத் தண்ணீர் இறங்காமல் ஒரு கரை, அதற்குப் பெயர் பேக்டாம். இரு பக்கத்திலும் கரை. ஆக, நிலம் ஒரு தொட்டிக்குள் இருக்கிறது. தொட்டிக்குள் விழும் மழையை வெளியேற்ற வேண்டும், இல்லையென்றால் பயிர் அழுகும். அதற்குப் பள்ளமாக வடிகால்கள். கோடையில் பாசனத்துக்குத் தண்ணீர் வேண்டும், வெட்டிய கரும்பை ஆலைக்குப் படகில் இழுக்க வேண்டும். அதற்கு உயரமாக இன்னொரு கால்வாய்த் தொகுதி. இரண்டும் கலக்கக்கூடாது. வடிகால் கடலோடு சேரும் இடத்தில் ஒரு மதகு, அதைக் கோக்கர் என்பார்கள். டச்சில் கோக்கர் என்றால் குழாய். இரண்டு மரத் தூண்களுக்கு நடுவே கிணற்று ராட்டினம் மாதிரிச் சக்கரம், அதில் தொங்கும் கனமான கதவு. கடல் வற்றும்போது கதவைத் தூக்கினால் உள்ளே நிற்கும் தண்ணீர் தானாக வெளியே ஓடும். ஏற்றம் தொடங்குமுன் இறக்கிவிட வேண்டும். கோக்கர்காரர் அசந்து தூங்கினால் உப்புத்தண்ணீர் வயலுக்குள் வந்துவிடும். இன்றைக்கும் வேலை இதேதான், சில இடத்தில் பம்பு சேர்ந்திருக்கிறது.

1948ல் பிரிட்டிஷ் அரசு நியமித்த வென் கமிஷன் இதற்கு ஒரு கணக்குப் போட்டது. ஒரு சதுர மைல், அதாவது 640 ஏக்கர் கரும்புக்கு, 49 மைல் நீள வடிகாலும் 16 மைல் உயரக் கால்வாயும் தேவைப்பட்டிருக்கிறது. கடலோரத் தோட்டங்களை முதலில் உருவாக்க 10 கோடி டன் மண்ணாவது வெட்டிச் சுமக்கப்பட்டிருக்க வேண்டும். இயந்திரம் கிடையாது. நீளக் கைப்பிடி மண்வெட்டி, தண்ணீரில் ஊறிய ஈரக் களிமண், இடுப்பளவு சேறு. தோண்டியவர்கள் ஆப்பிரிக்க அடிமைகள். கயானாவில் ஒரு பழமொழி உண்டு: 'ஒன் ஒன் டட்டி பில்ட் டாம்'. ஒவ்வொரு மண்கட்டியாகப் போட்டுத்தான் கரை எழும்புகிறது என்று அர்த்தம். நாம் சிறு துளி பெரு வெள்ளம் என்கிறோம். அவர்களுக்கு வெள்ளம்தான் எதிரி என்பதால் பழமொழி தலைகீழாக இருக்கிறது.

இந்த வேலை நடந்துகொண்டிருக்கும்போதே மேலே கொடி மாறிக்கொண்டிருந்தது. 1781ல் பிரிட்டிஷார் பிடித்தார்கள், 1782ல் பிரெஞ்சுக்காரர்கள், அடுத்து மறுபடி டச்சு, 1796ல் பிரிட்டிஷ், 1802ல் டச்சு, 1803ல் மீண்டும் பிரிட்டிஷ். 1814 ஒப்பந்தத்தில் ஒரேயடியாகப் பிரிட்டனுக்குப் போனது. 1831ல் டெமராரா-எசெக்விபோவோடு சேர்த்துப் பிரிட்டிஷ் கயானா ஆனது. 1838ல் கவுண்டிகளாகப் பிரித்தார்கள்.

கொடி மாறினாலும் டச்சு ஏற்பாடுகள் பல அப்படியே தொடர்ந்தன. ரோமன்-டச்சுச் சட்டம் 1917 வரை அங்கே நடப்பில் இருந்தது. இன்றைக்கும் கயானாவில் நிலப் பத்திரத்துக்கு 'டிரான்ஸ்போர்ட்' என்றுதான் பெயர். வீடு வாங்கியவர் 'டிரான்ஸ்போர்ட் வந்துவிட்டதா' என்று விசாரிப்பது லாரியைப் பற்றி அல்ல. நியூ ஆம்ஸ்டர்டாமில் விங்கல் என்று ஒரு பகுதி இருக்கிறது. விங்கல் என்றால் டச்சில் கடை, பட்டறை. அரசுக்குச் சொந்தமான அடிமைத் தச்சர்களும் கொல்லர்களும் அங்கே குடியிருந்தார்கள். மற்றவர்களுக்கு முன்பே, 1831ல், அவர்களுக்கு விடுதலை கிடைத்தது. கடலோரத்தை அளந்து துண்டு போட்டவர்கள் துண்டுகளுக்கு எண் கொடுத்தார்கள். பல துண்டுகளுக்குப் பின்னால் யாரும் பெயர் வைக்கவே இல்லை. அதனால் கொரண்டைன் கரையில் போனால் ஊர்ப்பெயரே நம்பர்தான். 'எந்த ஊர்?' என்றால் 'நம்பர் சிக்ஸ்டிஃபோர்' என்பார்கள். 63ஆம் நம்பர் கடற்கரை விடுமுறை நாட்களில் கூட்டம் கூடும் இடம்.

ஃபிஸ்கல் என்ற டச்சுப் பதவியும் பிரிட்டிஷ் காலத்தில் தொடர்ந்தது. அடிமைகள் எஜமான் மேல் புகார் சொல்ல அவரிடம் போகலாம். அந்தப் புகார்ப் பதிவுகள் 1819க்குப் பிறகு நிறையத் தப்பியிருக்கின்றன. அடித்தார், சாப்பாடு குறைத்தார், ஞாயிற்றுக்கிழமை வேலை வாங்கினார், பெண்ணைப் பிடித்துக்கொண்டார். பல வழக்கில் புகார் சொன்னவருக்கே சவுக்கடி கிடைத்தது. அப்படியும் மைல்கணக்கில் நடந்து போய்ச் சொன்னார்கள்.

1838 ஆகஸ்ட் 1ல் அடிமை முறை முழுதாக முடியப்போகிறது. தோட்டக்காரர்கள் அதற்கு முன்பே மாற்று ஏற்பாட்டில் இறங்கிவிட்டார்கள். பிற்காலத்துப் பிரதமர் கிளாட்ஸ்டனின் அப்பா ஜான் கிளாட்ஸ்டன் டெமராராவில் தோட்டம் வைத்திருந்தார். இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளைக் கொண்டுவரலாம் என்ற யோசனை அவருடையது. விட்பி, ஹெஸ்பரஸ் என்ற இரண்டு கப்பல்கள் கல்கத்தாவிலிருந்து புறப்பட்டு 1838 மே 5ஆம் தேதி கயானாவை அடைந்தன. உயிரோடு இறங்கியவர்கள் 396 பேர். விட்பியில் வந்தவர்களில் ஒரு பகுதியினர் பெர்பீஸ் ஆற்றின் கிழக்குக் கரையில் ஹைபரி தோட்டத்தில் இறக்கப்பட்டார்கள். மே 5 கயானாவில் இந்தியர் வருகை நாள். ஹைபரியில் ஆண்டுதோறும் ஜனங்கள் கூடுகிறார்கள். அந்த முதல் தொகுதி ஆட்களைத் தோட்டங்கள் நடத்திய விதம் லண்டனில் பெரிய சர்ச்சையாகி, ஆள் கொண்டுவருவது நின்றது. 1845ல் மறுபடி தொடங்கியது. அந்த ஆண்டுதான் சென்னைத் துறைமுகத்திலிருந்தும் கப்பல்கள் புறப்பட்டன. 1917 வரை வந்த இந்தியர் மொத்தம் சுமார் 2 லட்சத்து 39 ஆயிரம். சென்னை வழியாக வந்தவர்கள் அதில் ஏறக்குறைய 15 ஆயிரம் மட்டுமே. அதிலும் பெரும்பகுதி 1860களின் தொடக்கத்துக்குள் வந்தவர்கள்.

பதினைந்தாயிரம் பேர், பெரும்பான்மையான வட இந்தியப் போஜ்புரி ஜனங்களுக்கு நடுவே. இரண்டு மூன்று தலைமுறையில் தமிழும் தெலுங்கும் பேச்சிலிருந்து போய்விட்டன. போகாமல் நின்றது அம்மன். ஆல்பியன் பக்கத்துக் கோயில்களில் மாரியம்மா பூசையில் அடிக்கிற மேளம் 'தப்பு'. உடுக்கையும் உண்டு, கரகமும் உண்டு. சாமி வந்து ஆடுகிறவரை 'மார்லோ' என்பார்கள். முதலில் ஏதோ ஆப்பிரிக்கச் சொல் என்று தோன்றும். சத்தமாக இரண்டு தடவை சொல்லிப் பாருங்கள். மருள். மதுரை வீரன் அங்கே மதராவீரன். சங்கிலிக் கருப்பன் சங்கனி. நம் ஊரில் ஊருக்கு வெளியே நிற்கிற சாமிகள்தான் கடல் தாண்டிப் போயிருக்கிறார்கள். கப்பலேறியவர்களின் வீட்டுச் சாமிகள் அவர்கள்தானே. பெர்பீஸில் பிறந்து வெஸ்ட் இண்டீஸுக்குப் பந்து வீசிய வீராசாமி பெருமாளும், விம் கிராமத்தில் பிறந்து 2015ல் நாட்டின் பிரதமரான மோசஸ் நாகமுத்துவும் இந்த மதராசி வழிவந்தவர்கள். 'மதராசி' அங்கே ஒரு காலத்தில் இளக்காரமான சொல். இப்போது பெருமையாகச் சொல்லிக்கொள்கிறவர்களும் இருக்கிறார்கள்.

கூலி வாழ்க்கையைப் பற்றி ஒரே ஒரு சம்பவம். கான்ஜிக் கரையில் ரோஸ் ஹால் தோட்டம். அதே பெயரில் கொரண்டைனில் ஒரு டவுன் உண்டு, அது வேறு. 1913ல் அறுவடையும் அரைப்பும் முடிந்ததும் தொழிலாளர்களுக்கு நான்கு நாள் லீவு தருவதாக மேனேஜர் சொன்னார். பிறகு வார்த்தையை மாற்றி வேலைக்கு வரச்சொன்னார். வராதவர்கள் மேல் வழக்குப் போட்டார். ஒப்பந்தச் சட்டத்தில் வேலைக்கு வராமலிருப்பது குற்றம், ஜெயில்வரை போகலாம். தகராறு முற்றி, முன்நின்றவர்களை வேறு தோட்டத்துக்கு மாற்ற உத்தரவு வந்தது. மார்ச் 13ஆம் தேதி போலீஸ் சுட்டது. 15 பேர் இறந்தார்கள். தொடங்கியது நான்கு நாள் லீவில்.

போர்ட் மொராண்ட் தோட்டத்தில் 1918ல் பிறந்த ஒரு பையன், மேனேஜர் பங்களாவையும் கூலி லயன் வரிசையையும் பார்த்து வளர்ந்தவன், பின்னால் சேதி ஜெகன் என்ற பெயரில் நாட்டின் அரசியலையே புரட்டிப்போட்டான். ரோஹன் கன்ஹாய், பேசில் புட்சர், ஜோ சாலமன், ஆல்வின் காளிசரண் எல்லோரும் அதே தோட்டத்தின் மைதானத்தில் மட்டை பிடித்தவர்கள். ஒரு கரும்புத் தோட்டத்திலிருந்து இத்தனை டெஸ்ட் ஆட்டக்காரர்கள்! இதை மட்டும் தனியாக ஒரு கட்டுரையாக எழுதலாம்.

இன்றைக்குக் கவுண்டி என்பது நிர்வாகத்தில் இல்லை. 1980ல் நாட்டைப் பத்துப் பிரதேசங்களாகப் பிரித்தார்கள், பழைய பெர்பீஸ் மூன்று துண்டாகப் பல பெயர்களுக்குள் போய்விட்டது. ஆனாலும் ஊரைக் கேட்டால் பெர்பீஸ் என்கிறார்கள். கிரிக்கெட்டில் இன்றும் பெர்பீஸும் டெமராராவும் எசெக்விபோவும் மோதுகின்றன. தலைநகர்க்காரர்களுக்குப் பெர்பீஸ்காரர் என்றால் கொஞ்சம் நாட்டுப்புறம். காரணம் ஆறுதான். தென்னமெரிக்காவிலேயே முதல் ரயில் என்று சொல்லப்படும் பாதை 1848ல் ஜார்ஜ்டவுனில் தொடங்கியது. 1900ல் பெர்பீஸ் ஆற்றின் மேற்குக் கரையில் ரோசிக்னோல் வரை வந்தது. அதோடு நின்றது. ஆற்றைத் தாண்டவே இல்லை. 1972ல் தண்டவாளமும் போயிற்று. அக்கரை போக ஃபெர்ரிக்குக் காத்துக்கிடந்த தலைமுறைகளுக்கு, 2008 டிசம்பரில்தான் பாலம் வந்தது. அதுவும் தூண் மேல் நிற்காமல் மிதவைகள் மேல் மிதக்கும் சுமார் 1.6 கிலோமீட்டர் பாலம். மேலே பாக்சைட்டுக்குக் கப்பல் போகும்போது நடுவில் திறந்துவிட்டு வண்டிகளை நிறுத்திவைப்பார்கள். சர்க்கரை இப்போது தேய்ந்துகொண்டிருக்கிறது. 2017 கடைசியில் ரோஸ் ஹால், ஸ்கெல்டன் ஆலைகளை மூடி ஆயிரக்கணக்கானவர்களை அனுப்பினார்கள். ஆல்பியன் ஆலை தொடர்ந்து ஓடியது.

காலனி கீழே இறங்கிப் போனதும் மேலே என்ன மிச்சமிருந்தது? டாகராட், லிலியன்பர்க் போன்ற பெயர்கள். காட்டுக்குள் நசாவ் கோட்டையின் சில செங்கற்கள். எல்லோரும் போனபிறகும் ஆற்றின் மேல்கரையில் தங்கிவிட்ட சில குடும்பங்கள். அவர்கள் வீட்டுக்குள் பேசிக்கொண்டது ஆங்கிலமும் அல்ல, ஆங்கிலத்திலிருந்து கிளைத்த கலப்பு மொழியான கயானாக் கிரியோலும் அல்ல. 1970களில் இயன் ராபர்ட்சன் என்ற மொழியியலாளர் போய்க் கேட்டபோதுதான் அது இன்னதென்று வெளியுலகத்துக்குத் தெரிந்தது. பாதி டச்சு. மற்றதில் பெரும்பங்கு, இன்றைய நைஜீரியாவில் நைஜர் ஆற்று முகத்துவாரத்தில் பேசப்படும் ஈஜோ. முதல் தோட்டங்களுக்கு அந்தப் பக்கத்திலிருந்து நிறையப் பேரைப் பிடித்து வந்திருக்கிறார்கள் என்பதற்கு அந்த மொழியே சாட்சி. கீழே நகர்ந்தவர்கள் அதை மறந்து ஆங்கிலக் கிரியோலுக்கு மாறினார்கள். மேலே ஒதுங்கியவர்களிடம் இரண்டு நூற்றாண்டுக்கு மேல் அது பிழைத்தது. கடைசியாகப் பேசத் தெரிந்த மூதாட்டி நூறு வயதைத் தாண்டி 2005ல் காலமானார். 2010ல் மொழி அழிந்துவிட்டதாக அறிவித்தார்கள். அந்த மொழியில் 'வாரி' என்றால் வீடு.